ரோஜா இதயத்துக்குக் கீழே இரண்டு கைகள்

தென்காசியில் இருபது வருஷம் கல்யாண வீடியோ எடிட் செய்த ஜெயசித்ராவுக்குத் திடீரென்று ஒரு சந்தேகம் வந்தது. குற்றாலத்துக்கு வந்துபோன பெரிய மனிதர்களைப் பற்றிக் கதை கதையாகச் சொல்கிறார்கள். அவர்கள் தலையில் எண்ணெய் தேய்த்தவர்கள் யார்? தேடிய புத்தகங்களில் ஒரு வரிகூட இல்லை. விடுவாளா? ஆவணப்படம் எடுக்கிறேன் என்று காமிராவைத் தூக்கிக்கொண்டு கிளம்பிவிட்டாள்.

ஐந்தருவியில் எண்ணெய் தேய்க்கும் குத்தாலிங்கம் லேசில் வாய் திறக்கவில்லை.

"எங்கய்யா மாடன் முப்பது வருசம் இங்கன நின்னு தேச்சாரு. பச்சை பெல்ட்டு கட்டியிருப்பாரு. அவருக்கு ஒரு போட்டோ கிடையாது. திவசத்துக்கு எண்ணெக் கிண்ணத்தை வச்சுத்தான் கும்பிடுதோம். அவரு மூஞ்சியக் கொண்டாங்க, எம்புட்டு வேணும்னாலும் பேசுதேன்."

இதென்ன பிரமாதம் என்று நினைத்தாள் ஜெயசித்ரா. அந்தக் காலத்தில் அருவி கொட்டும் ஆனி மாதத்தில் கல்யாணம் என்றால், மறுவீடு முடிந்த கையோடு ஜோடியை அருவிக்கரையில் நிறுத்தி வீடியோ எடுத்தே தீருவார்கள். ஜோடிக்குப் பின்னால், குத்தாலிங்கத்தின் அப்பா மாடன் ஒரு தடவையாவது படத்தில் விழுந்திருக்க மாட்டாரா? வீடு வீடாகப் பரணில் கிடந்த கேசட்டுகளை வாங்கி வந்தாள். பூஞ்சை பிடித்தது போக நாற்பது தேறின.

இலஞ்சி ஆனந்தவள்ளியின் கல்யாணக் கேசட்டில் பச்சை பெல்ட் தெரிந்தது. முகம் இருக்க வேண்டிய இடத்தில் ரோஜாப்பூ சுற்றிய இதயம் ஒன்று துடித்துக்கொண்டிருந்தது.

ஜெயசித்ரா படத்தை நிறுத்தினாள். ஸ்டூடியோவில் சேர்ந்த புதிதில் அவளே வைத்த இதயம் அது. ஜோடிக்குப் பின்னால் எண்ணெய்க்காரர் நின்றால் நன்றாயிருக்காது, மறைத்துவிடு என்பார் முதலாளி. அவளும் தேடித்தேடி மறைப்பாள். எடிட் முடிந்ததும், காமிராவில் முதலில் எடுத்த கேசட்டை அழித்து அடுத்த கல்யாணத்துக்குப் பயன்படுத்துவதுதான் வழக்கம். ஆக, அந்த முகம் இனி எங்கேயும் இல்லை.

கிடைக்கவில்லை என்று சொல்லிவிடலாமா என்று ஒரு நாள் முழுக்க யோசித்தாள். மனசு கேட்கவில்லை. லேப்டாப்போடு ஐந்தருவிக்குப் போய்ப் போட்டுக் காட்டினாள்.

"நான்தான் மறைச்சேன், அண்ணாச்சி."

குத்தாலிங்கம் திரும்பப் போடச் சொன்னார். இதயத்துக்குக் கீழே, யாரோ ஒருவர் தலையில் இரண்டு கைகள் ஓடிக்கொண்டிருந்தன.

"மூணு தட்டு தட்டி, பெருவிரலால நெத்திய வழிக்காரு பாருங்க. வேற எவனும் இப்படித் தேய்க்க மாட்டான். எங்கய்யாதான்."

சொல்லும்போதே அவருடைய பெருவிரலும் முழங்காலை அதே மாதிரி வழித்துக்கொண்டிருந்தது. தோளில் கிடந்த துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"உங்க மேல கோவம் இருக்கு. ஆனா பேசுதேன். யாரு மறைச்சான்னு படத்துல சொல்லணும்."

படம் இப்போது அந்த ரோஜா இதயத்தில்தான் தொடங்குகிறது. "இதை வைத்தவள் நான்" என்கிறது ஜெயசித்ராவின் குரல். குத்தாலிங்கத்தின் வீட்டுச் சுவரில், சட்டம் போட்டு மாலை சாத்தி, அந்த வீடியோவிலிருந்து எடுத்த மாடனின் இரண்டு கைகள் இருக்கின்றன.