பாட்டுக்கு அடியில் இருந்த குரல்

சரித்திர ஆவணப்படம் எடுத்துத்தான் இத்தனை காலம் பிழைத்தேன். கோட்டை, கல்வெட்டு, துறைமுகம் என்று சுற்றாத இடமில்லை. ராஜாக்களின் குரல் எப்படி இருந்திருக்கும் என்று ஒரு நாளும் கவலைப்பட்டதில்லை. கணீரென்ற குரல்காரர் ஒருவரைக் கூட்டிவந்து பேசவைத்தால் தீர்ந்தது வேலை.

அப்புறம்தான் சிவகாசிப் பக்கம் காடுகழனி வேலையை விட்டுப் பட்டாசு வேலைக்கு வந்த குடும்பங்களின் கதையை எடுக்கப் போனேன். தாயில்பட்டியில் ஒரு அம்மாவைப் பேட்டி கண்டேன். பட்டாசு விபத்தில் அவர் கணவர் இறந்தபோது மகள் கைக்குழந்தை. அந்த மகள் இப்போது விருதுநகரில் நர்ஸ். பேட்டி முடிந்து நான் வயரைச் சுருட்டிக்கொண்டிருந்தபோது அவள் பக்கத்தில் வந்து நின்றாள்.

"பழைய கல்யாணக் கேசட்டெல்லாம் வாங்கிப் பாக்கீகளாமே சார். எதுலயாவது எங்கப்பா பேசுதாரான்னு பாருங்க. போட்டோ இருக்கு. குரல்தான் நான் கேட்டதே இல்ல."

சல்லடை போட்டுத் தேடினேன். சொந்தக்காரர் வீட்டுக் கல்யாணக் கேசட் ஒன்றில் கிடைத்துவிட்டார் மனுஷன்! பந்தியில் கேசரி வாளியோடு வருகிறார், கேமராவைப் பார்த்துச் சிரிக்கிறார், என்னவோ சொல்கிறார். காதில் விழுவதோ சினிமாப் பாட்டு. அந்தக் காலத்துக் கல்யாண வீடியோ எல்லாமே அப்படித்தான். எடுத்த சத்தத்தை அழித்துவிட்டு, ஆரம்பம் முதல் கடைசி வரை பாட்டை ஏற்றிவிடுவார்கள்.

பாட்டு ஏற்றாத மூலக் கேசட்டைக் கேட்டு, அதை எடுத்த ஸ்டுடியோக்காரரிடம் ஓடினேன்.

"அதும்மேலயே அடுத்த கல்யாணத்த எடுத்துருவோம் சார். பந்தி இரைச்சல எவன் கேப்பான்? பாட்டுப் போட்டாத்தான் வீடியோ எடுப்பா இருக்கும்" என்றார்.

வந்த ஆத்திரத்தில் கன்னாபின்னாவென்று கத்திவிட்டேன். பாவம், அவர் எனக்கு டீ சொல்லி அனுப்பினார்.

ஞாயிற்றுக்கிழமை மதியம் அவர்கள் வீட்டில் லேப்டாப்பைத் திறந்து, பாட்டை நிறுத்திவிட்டு, படத்தை மட்டும் ஓடவிட்டேன். அந்தப் பெண்ணின் முகத்தைப் பார்க்க எனக்குத் தெம்பில்லை.

"குரல் கிடைக்கலம்மா. வேணும்னா நல்ல குரல்காரர் ஒருத்தரைப் பேசவைக்கலாம்." என் வாய் சும்மா இருந்தால்தானே!

"வேற ஆளு குரல் எதுக்கு சார்?" திரையிலிருந்து அவள் கண்ணை எடுக்கவில்லை. "எம்மா, என்ன சொல்லுதாரு?"

அம்மா யோசிக்கக்கூட இல்லை.

"சாப்பிட்டீகளான்னு கேக்காரு. வேற என்ன கேப்பாரு? கையில வாளி இல்லாட்டியும், யாரக் கண்டாலும் அதத்தான் மொதல்ல கேப்பாரு. அம்புட்டுப் பெரிய தொண்டை. தெருமுனையில பேசுனா இங்கன கேக்கும்."

மகள் திரும்ப ஓடவிடச் சொன்னாள். வாளியோடு வந்தார். சிரித்தார். வாய் அசைந்தது.

"சாப்பிட்டேம்ப்பா" என்றாள்.