இடப்பக்கத்து ரப்பர்

சனிக்கிழமை மாலை நாலே கால் மணிக்கு என் மகள் இடது காதிலிருந்து இயர்போனைக் கழற்றி, வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துவிட்டு, "எம்மா, இதுல ரப்பரைக் காணும்" என்றாள்.

அதுவரை எங்கள் வீட்டில் எல்லாம் ஒழுங்காக நடந்தது என்று சொல்ல மாட்டேன். ஆனால் அதுவரை சிரிக்க முடிந்தது.

திங்கட்கிழமை காலையில் அவளுக்குத் திருநெல்வேலியில் டெலிபோன் ஆபரேட்டர் வேலைக்கு இண்டர்வியூ. பிளஸ் டூ முடித்த பிறகு அவளாகத் தேடி, அவளாக விண்ணப்பித்த வேலை. அங்கே காதில் ஒன்றை மாட்டிவிட்டு யாரோ எண்களாகச் சொல்வார்களாம். தப்பில்லாமல் எழுத வேண்டுமாம். முன்பு ஒரு தடவை போய்வந்த பெண் சொன்னது. இந்த வேலை கிடைக்காவிட்டால் அடுத்து என்ன என்பது அவளுக்கும் தெரியும். என் நாத்தனார் ஒரு மாப்பிள்ளையை முந்தானையில் முடிந்து வைத்துக்கொண்டு காத்திருந்தாள்.

என் கணவர் தாலுகா ஆபீஸில் வேலை பார்த்தார். கத்தரிக்காயைக்கூட விசாரணை நடத்தாமல் வீட்டுக்குள் விடமாட்டார். காதில் கருவி வைத்துப் பழகாத பிள்ளை அங்கே போய்த் திணறிவிடக் கூடாது என்று, கடையநல்லூரிலிருந்த தன் பள்ளிக்கூடத்துச் சிநேகிதரைப் போய்ப் பார்த்தார். அவர் துபாயிலிருந்து லீவில் வந்திருந்தார். சட்டைப் பைக்குள் அடங்கும் ஒரு ரேடியோவையும் அதற்கான இயர்போனையும் கொடுத்து, "சனிக்கிழமை சாயங்காலம் நானே வந்து வாங்கிக்கிடுதேன்" என்று சொல்லி அனுப்பினார்.

கறுப்பு ஒயர். நுனியில் இரண்டு கறுப்புப் பொத்தான்கள். காதுக்குள் செருகிக்கொள்ள வேண்டும். மகளிடம் கொடுப்பதற்கு முன் தானே பரீட்சித்துப் பார்த்துவிட வேண்டும் என்றார் என் கணவர். மூக்குக்கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டு (கேட்பதற்குக் கண்ணாடி எதற்கு என்பது அவர் வாதம்) நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தார். செய்தி வாசிப்பவர் தாள் புரட்டும் சத்தம்கூடக் கேட்டால்தான் நல்ல கருவி என்று முன்கூட்டியே விதி வகுத்திருந்தார்.

"தாள் கேக்குது!" என்று கத்தினார். காதை அடைத்துக்கொண்டிருந்ததால் தன் குரல் எவ்வளவு உயர்ந்திருக்கிறது என்பது அவருக்குத் தெரியவில்லை. எதிர்வீட்டு அம்மா வாசலுக்கு வந்து, "அண்ணாச்சி யாரை ஏசுதாக?" என்று என்னிடம் விசாரித்தாள்.

அடுத்தது, சௌகரியம் எப்படி என்ற பரீட்சை. அதை மாட்டிக்கொண்டே முறுக்குத் தின்று பார்த்தார். உலகச் செய்தி முழுவதும் முறுக்குக்குள் நொறுங்கிப் போயிற்று. பிறகு எழுந்து நடந்தார். ஒயர் கதவுக் கொண்டியில் மாட்டித் தலையைப் பின்னால் இழுத்தது. இத்தனைக்கும் பிறகு தீர்ப்பு வந்தது: வலது பக்கம் கனமான சத்தம், இடது பக்கம் சன்னமான சத்தம், மொத்தத்தில் திருப்தி.

மகள் மறுநாளிலிருந்து அதை மாட்டிக்கொண்டு, ரேடியோவில் சந்தை நிலவரம் சொல்லும்போது விலைகளையெல்லாம் கடகடவென்று எழுதிப் பழகினாள். புளியங்குடி எலுமிச்சம்பழ விலை எங்கள் வீட்டில் அவளுக்குத்தான் முதலில் தெரியும். ஒரே ஒரு குறைதான் சொன்னாள்.

"இடது பக்கம் குத்துதுப்பா. சத்தமும் மெலிசா வருது."

"ரெண்டுலயும் ஒரே மாதிரி சத்தம் வந்தா எதுக்குட்டி ரெண்டு வச்சிருக்கான்? வெளிநாட்டுக்காரன் யோசிக்காம செய்ய மாட்டான்."

"குத்துறதையும் யோசிச்சா செஞ்சான்?"

"அங்கன எக்ஸ்சேஞ்சுல உனக்கு மெத்தை தச்சா குடுப்பாவ? பழகிக்கோ."

அவள் பழகிக்கொண்டாள். சனிக்கிழமை மத்தியானம் இடது காது சிவந்துபோய் வலித்தது. எங்கள் வீட்டில் எந்த வலிக்கும் என் கை தானாக எண்ணெயிடம்தான் போகும். நல்லெண்ணெயில் ஒரு பல் பூண்டைத் தட்டிப் போட்டுக் காய்ச்சி, ஆறவிட்டு, காது நிறைய விட்டேன். வலி குறைந்ததும் அவள் மறுபடியும் இயர்போனை மாட்டிக்கொண்டு உட்கார்ந்தாள். இடது பக்கம் எல்லாம் கிணற்றுக்குள்ளிருந்து பேசுவதுபோலக் கேட்கவே, கழற்றிப் பார்த்தாள். வலது பொத்தானின் மேல் மெல்லிய ரப்பர் மூடி ஒன்று இருந்தது. இடது பொத்தானில் இல்லை.

நானும் கணவரும் அவள் காதைப் பார்த்தோம்.

"எண்ணெயை விட்டா வழுக்கிக்கிட்டு உள்ள போவாம என்ன செய்யும்?" என்றார் கணவர்.

"நீங்க அதைக் கொண்டுவராம இருந்தா நான் ஏன் எண்ணெய் விடுதேன்?" என்றேன் நான்.

"சண்டையை எனக்கு வலது பக்கமா வந்து போடுங்க, இந்தப் பக்கம் கேக்கல" என்றாள் மகள். சொல்லிவிட்டுத்தான் அவளுக்கே உறைத்தது. கண் கலங்கிவிட்டது. "திங்கக்கிழமை இந்தக் காதுல வச்சுட்டாங்கன்னா என்னம்மா செய்வேன்?"

கணவர் சைக்கிளை எடுத்துக்கொண்டு டாக்டர் வீட்டுக்குப் பறந்தார். டாக்டர் கல்யாணத்துக்குப் போயிருக்கிறார், திங்கட்கிழமைதான் வருவார் என்ற செய்தியோடு திரும்பினார். டார்ச் அடித்துப் பார்த்தோம். எண்ணெய் மினுங்கியது, வேறு எதுவும் தெரியவில்லை. குளத்தில் குளித்து வருகிறவர்கள் செய்வதுபோல, தலையைச் சாய்த்து ஒற்றைக் காலில் குதிக்கச் சொன்னார். குதித்தாள். காதை அடைத்திருந்த எண்ணெய் பெரும்பாலும் அவர் வேட்டியில் தெறித்தது. ரப்பர் வரவில்லை. அது உள்ளே ஊர்ந்து ஊர்ந்து மூளைக்குப் போய்விடும் என்று எனக்குத் தோன்றியது. நான் படித்தவள்தான். பாடப் புத்தகத்தில் காதின் படத்தைப் பார்த்திருக்கிறேன், செவிப்பறை என்று ஒன்று குறுக்கே இருப்பதும் தெரியும். பெற்ற வயிறு படத்தையெல்லாம் பார்க்காது.

அவளை வலப்பக்கமாகச் சாய்த்து என் மடியில் படுக்க வைத்தேன். வலது காது என் மடியில் அழுந்தியிருக்க, இடது காது மேலே இருந்தது. கொண்டையிலிருந்து ஊசியை உருவி, நுனியை வளைத்தேன்.

"குத்திப்புடாதட்டி" என்றார் கணவர். அவர் குரல் அவ்வளவு மெதுவாக வந்து நான் கேட்டதில்லை.

"நீங்க டார்ச்சை ஆட்டாமப் பிடிங்க."

டார்ச் ஆடியது. இன்றைக்கும் கொண்டை ஊசியை எடுத்தால் என் விரல்களுக்கு அந்தச் சாயங்காலம் ஞாபகம் வந்துவிடுகிறது. ஊசி அவள் காது மடலைத் தொட்டது.

அப்போதுதான் வாசலில் செருப்பைக் கழற்றும் சத்தம் கேட்டது. கடையநல்லூர்ச் சிநேகிதர், கையில் ஒரு பேரீச்சம்பழப் பொட்டலத்தோடு உள்ளே வந்தார். என்னையும் ஊசியையும் டார்ச்சையும் மாறி மாறிப் பார்த்தார்.

"என்னவே நடக்குது இங்கன?"

"இயர்போன் ரப்பர் பிள்ளை காதுக்குள்ள போயிட்டுதுவே" என்றார் என் கணவர். "இடப்பக்கத்து ரப்பர்."

அவர் பொட்டலத்தை நாற்காலியில் வைத்தார்.

"இடப்பக்கத்து ரப்பரா? அது துபாய்லயே கழண்டு போச்சேவே! ரப்பர் இல்லாமத்தான் உமக்கே குடுத்தேன். அந்தப் பக்கம் குத்தும்னுதான் நான் வலதை மட்டும் மாட்டுதது. நாலு நாளா வச்சு ஆராய்ச்சி பண்ணியிருப்பீரே, அதை நீரு பாக்கவே இல்லையா?"

முதலில் சிரித்தது என் மடியில் கிடந்தவள்தான். வலது காது என் சேலைக்குள் புதைந்திருக்க, இடது காதால் அவ்வளவையும் கேட்டுவிட்டுக் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தாள். நான் ஊசியைப் பிடித்தபடி அப்படியே உட்கார்ந்திருந்தேன்.

"பிள்ளை சிரிக்கா பாரும், காதுக்கு ஒண்ணுமில்ல" என்றார் அவர். "தங்கச்சி, அந்த ஊசியைக் கீழ போட்டுட்டு எங்களுக்கு ஒரு டீயைப் போடுங்க."