கேட்டில் உடைந்த பூசணிக்காய்

செல்வகுமாரி போட்டு உடைத்த ஒரே ஒரு பூசணிக்காயில் ஹைகோர்ட்டே ஆடிப்போனது. டில்லியில் தூங்கிக்கொண்டிருந்த பெரிய வக்கீல்கள் இரண்டு பேர் எழுந்து உட்கார்ந்து தண்ணீர் கேட்டார்கள். புதுச்சேரியின் பாகூர் கொம்யூனில் இப்படி ஒருத்தி பிறந்ததுமில்லை, பிறக்கப்போவதுமில்லை.

மற்ற நாட்களில் அவள் இரண்டு மாடு கறந்து சொசைட்டிக்குப் பால் ஊற்றுகிறவள். உலகத்தில் எது கெட்டாலும் அவளுக்குக் காரணம் ஒன்றுதான்: கண் பட்டுவிட்டது. மாடு உதைத்தால் எதிர்வீட்டுத் தனக்கொடியின் கண். மோட்டார் புகைந்தாலும் அதே கண். மகள் அருள்மொழிக்குத் தனியார் காலேஜில் அரசு ஒதுக்கீட்டில் டாக்டர் சீட் கிடைத்ததும் அவள் முதலில் வாங்கியது ஒரு சாம்பல் பூசணி. சேர்ந்த கையோடு சுற்றி உடைக்க.

சேரத்தான் விடவில்லை. "நாளைக்கு வாங்க" என்றான் வாட்ச்மேன். மறுநாள் போனால் அதற்கும் ஒரு "நாளைக்கு". கடைசி நாளும் வந்தது. மாலை ஐந்து மணிக்குள் சேராவிட்டால் சீட் போச்சு. அண்ணன் மகனின் பைக்கில் தாய், மகள், பூசணி மூவரும் தொற்றிக்கொண்டு போனார்கள். பெட்ரோல் போட்டதைத் தவிர அவனுக்கு இந்தக் கதையில் வேலை இல்லை.

கேட்டுக்கு வெளியே காலையிலிருந்து வெயில். நல்லவாடு ஊரிலிருந்து ஒரு பையனும் கரிக்கலாம்பாக்கத்துப் பெண் ஒருத்தியும் அதே மாதிரி சேர வந்து, ஃபைலைத் தலைக்குப் பிடித்துக்கொண்டு நின்றார்கள். சர்வர் டவுன் என்றார்கள். அப்புறம் ஆபீசர் சாப்பிடுகிறார் என்றார்கள். கறுப்புக் கண்ணாடிக் கார்கள் மட்டும் உள்ளே போய், சிரித்த முகங்களோடு திரும்பி வந்தன. அவற்றுக்கு ஒரு தடவைகூட சர்வர் டவுன் ஆகவில்லை.

வேறு எவளாக இருந்தாலும் காலேஜைச் சந்தேகப்பட்டிருப்பாள்.

"அந்தத் தனக்கொடி கண்ணுதாண்டி. இன்னா கண்ணு பாரு, சர்வர் வரைக்கும் வந்துருக்குது" என்றாள் செல்வகுமாரி.

பூசணியின் தலையில் ஓட்டை போட்டுக் குங்குமத்தைக் கொட்டினாள். கற்பூரம் ஏற்றி மகளைச் சுற்றி, நட்ட நடு கேட்டில் போட்டு உடைத்தாள். காலேஜ் சேர்மன் கார் அதன்மேல் ஏறி, ரத்தம் மிதித்த மாதிரி தடம் போட்டுக்கொண்டு போனது. வாட்ச்மேன் கத்தினான். ஐந்து மணிக்குக் கேட்டைச் சாத்தினான்.

வீடு வந்து சேருவதற்குள் ஒரு புரோக்கர் போன் செய்தான். "அதே சீட்டு மேனேஜ்மென்ட் கோட்டாவுல இருக்குதும்மா. ரேட்டு பேசிக்கலாம்." செல்வகுமாரி பட்டென்று போனை வைத்தாள். அப்போதுதான் தனக்கொடியின் கண்ணில் குற்றமில்லை என்று அவளுக்குப் புரிந்தது.

வில்லியனூர் வக்கீல் ஆனி மேரி புகார் எழுதிக் கொடுத்தார். ஓய்வுபெற்ற நீதிபதி ஒருவர் தலைமையில் இருந்த அட்மிஷன் குழு விசாரித்தது. காலேஜ் மேனேஜர் உலகநாதன் சென்ட் மணக்க வந்து உட்கார்ந்தார்.

"அந்தப் பொண்ணு கடைசி நாள் வரவே இல்லீங்க ஐயா. அதனால சீட்டு காலின்னு எடுத்துக்கிட்டோம்."

செல்வகுமாரி எழுந்துவிட்டாள். "நான் வந்தேன்பா. பூசணிக்கா ஒடச்சேன்."

"பூசணிக்காயா? எதுக்கும்மா?" என்றார் நீதிபதி.

"சர்வருக்குக் கண்ணு பட்டுச்சின்னு."

அறையே சிரித்தது. கூடச் சிரித்த ஆனி மேரி மேனேஜரைப் பார்த்து, "காலேஜ் சர்வருக்கு நீங்க சுத்திப் போடறது இல்லையா சார்?" என்றார். உலகநாதனுக்கு முகம் சிவந்துவிட்டது.

"சிரிப்பாத்தான் இருக்கும் மேடம். அட்மிஷன் கடைசி நாளும் அதுவுமா, நாலு மணிக்கு, சேர்மன் கார் டயர் பூரா குங்குமம். கழுவனது யாரு, இந்தம்மாவா?"

சிரிப்பு நின்றது. நீதிபதி பேனாவைத் திறந்தார். "அப்ப வந்துருக்காங்க" என்றார்.

அருள்மொழிக்குச் சீட் திரும்பக் கிடைத்தது. அன்று மாலையே உலகநாதன் போனில், "நம்ம வூட்டுப் பொண்ணும்மா, தாராளமா வரட்டும்" என்று குழைந்தார். அவர் வேலையும் போகவில்லை, சென்டும் மாறவில்லை. நல்லவாட்டுப் பையனும் கரிக்கலாம்பாக்கத்துப் பெண்ணும் வரவே இல்லை என்றுதான் இன்றுவரை எழுதியிருக்கிறது. பாவம், அவர்கள் கையில் பூசணிக்காய் இல்லை. படித்தவர்கள் நடத்தும் இடத்தில் நியாயம் இந்த லட்சணத்தில் கிடைக்கிறது. காறித் துப்பலாம் என்றால் அந்தக் கேட்டைத் தினமும் கழுவுகிறவளை நினைத்துத்தான் விட வேண்டியிருக்கிறது.

இதுவரை தான் எழுதியதை அண்ணன் மகன் படித்துக் காட்டினான். செல்வகுமாரி பால் கேனைக் கழுவிக்கொண்டே கேட்டாள்.

"ஹைகோர்ட்டு எங்கடா ஆடுச்சு? நான் போனது ஒரு ரூமு. அதுல ஃபேன்கூட ஆடல."

"சும்மா ஒரு கெத்துக்கு அத்த."

"சரி, அத உடு. பெட்ரோல் போட்டதோட வேல முடிஞ்சிட்டுதா உனக்கு? கேட்ட சாத்தனப்ப பைக்குக்குப் பின்னால குந்திக்கினு சட்டையில மூக்கத் தொடச்சது யாரு?"

"வெயிலு அத்த. கண்ணு எரிஞ்சுது."

"அஞ்சு மணி வெயிலா?" என்றாள் அவள். "அதையும் எழுதுடா."