மல்லிக்காட்டிலிருந்து வந்த ஓட்டு

எங்கள் ஊர்ப் பெண்கள் ஓட்டுப் போட வருவதில்லை என்று ஒரு காலத்தில் ஆபீசுக் காகிதத்தில் எழுதி வைத்திருந்தார்கள். நான் அதைக் கண்ணால் பார்த்தேன். வருவதில்லையாம். வந்து, வெயிலில் நின்று, திரும்பிப் போனதை எவனும் எழுதவில்லை.

எண்பதுகளின் கடைசியில் ஒரே வருசத்தில் ரெண்டு எலெக்சன் வந்தது. தை மாசம் மெட்ராசுக்கு, கார்த்திகை மாசம் டெல்லிக்கு. எங்கள் ஊர் திருச்சுழி ரோட்டிலிருந்து பிரிந்து உள்ளே போகிற சின்ன ஊர். பூத்து கிடையாது. ஓடையைத் தாண்டிப் பக்கத்து ஊருக்கு நடக்க வேண்டும். தை மாசம் நாற்பது பெண்கள் நடந்து போனோம். அங்கே மேசையில் இருந்தவர் பெயரைக் கேட்டார். சொன்னோம். எங்கள் ஊரில் பாதிப் பெண்களுக்கு ஊர் அம்மன் பெயர்தான். லிஸ்டில் அந்தப் பெயர் வரிசையாக நிற்கிறது. "புருசன் பேரு என்ன?" என்றார்.

அதுதான் சொல்ல மாட்டோமே. புருசன் பெயர் ஆகாது, மாமனார் பெயர் ஆகாது, புருசனுக்கு அண்ணன் பெயரும் ஆகாது. இன்றைக்குக் கேட்டால் சிரிப்பாய் இருக்கும். அன்றைக்கு அந்தப் பெயர் நாக்கு நுனி வரைக்கும் வரும், அங்கேயே நின்றுவிடும். முன்னால் நின்றவள் தலை குனிந்தாள். அடுத்தவளும் குனிந்தாள். வாசலில் நின்ற அந்த ஊர் இளவட்டங்கள், "ஊமை ஊருலேருந்து வந்திருக்காகடா" என்று சிரித்தான்கள். எல்லாரும் திரும்பி நடந்தோம். நானும்தான். ஊருக்கே வாயாடி என்று பேரெடுத்தவள், அன்றைக்கு ஒரு வார்த்தை பேசாமல் ஓடையைத் தாண்டி வந்தேன். அந்த ஆத்திரம் எனக்கு அடங்கவே இல்லை.

அதற்கப்புறம் பத்து மாசம் அருப்புக்கோட்டைக்கு பஸ் ஏறி ஏறி மனுக் கொடுத்தேன். எங்கள் ஊர்ப் பள்ளிக்கூடத்திலேயே பூத்து வேண்டும், அவ்வளவுதான். அதிகாரி நல்ல மனுசன். அந்தக் காகிதத்தை எனக்குக் காட்டியதே அவர்தான். கடைசியில் ஐப்பசியில் சொன்னார்: "இந்த ஒரு தடவை போட்டுத் தாரேம்மா. உங்க ஊர் பொம்பளைக வரலைன்னா அடுத்த தடவை நான் யாருகிட்டயும் பேச முடியாது. பூத்து ஓடைக்கு அந்தப் பக்கமே போயிரும்."

"எல்லாரையும் கொண்டாந்து நிறுத்துறேன் சார்" என்றேன். என் வாய் அப்படி.

எங்கள் ஊரில் களை வெட்டுவது மாத்து வேலை. இன்றைக்கு உன் காட்டுக்கு எல்லாரும் வருவோம், நாளைக்கு இவள் காட்டுக்கு, அதற்கடுத்த நாள் என் காட்டுக்கு. யாருக்கும் கூலி கிடையாது. முறை வைத்து ஆள் கூட்டிப் போகிறவள் நான். அந்த வருசம் மானம் ஏமாற்றாமல் மழை கொடுத்தது. ஆனால் கரிசல் மண் மழை பெய்த மறுநாளே கால் வைக்க விடாது, ஆளையே இழுத்துப் பிடிக்கும். ரெண்டு மூன்று நாள் கழித்து ஒரு பதம் வரும். அந்தப் பதத்தில் களைக்கொத்து வெண்ணெயில் போகிற மாதிரி போகும். விட்டால் மண் இறுகிவிடும், களை நிலைத்துவிடும்.

பதம் வந்த நாளும் எலெக்சன் நாளும் ஒன்று. அன்றைக்கு முறை எங்கள் காடு.

இப்போது நினைத்தாலும் எனக்கு என் மேலேயே கோபம் வருகிறது. பத்து மாசம் பூத்துக்காக அலைந்தவள், பூத்து வந்த அன்றைக்குக் காலையில் நாற்பது பெண்களையும் எங்கள் கொத்தமல்லிக் காட்டுக்கு ஓட்டிக்கொண்டு போய்விட்டேன். "மத்தியானம் வரைக்கும் வெட்டுவோம். அப்படியே போய் ஓட்டப் போட்டுட்டு வீட்டுக்குப் போவோம்" என்றேன். யாரும் மறுக்கவில்லை. முந்தின நாள் கட்சிக்காரர்கள் கொடுத்த ஓட்டுச் சீட்டை எல்லாரும் முந்தியில் முடிந்துகொண்டு வந்தார்கள். அதில் லிஸ்டு நம்பர் இருக்கும், நீட்டினால் போதும், புருசன் பேரை எவனும் கேட்க மாட்டான். இந்தத் தடவை சீட்டு வரும் என்று சொல்லித்தான் ஒரு வாரமாக எல்லாருக்கும் தைரியம் கொடுத்திருந்தேன்.

மத்தியானம் வந்தது, போனது. மண் அப்படி இளகிக் கொடுத்தது. மல்லி விரல் உயரம் நின்றது, கை பட்ட இடமெல்லாம் வாசம். களையை வேரோடு எடுத்துப் போடுகிற அந்தச் சந்தோசம் கரிசக்காட்டில் பிழைத்தவர்களுக்குத்தான் தெரியும். ஆளுக்கொரு வரிசை பிடித்து வெட்டுவோம், அதுதான் நிறை. "இந்த நிறை முடியட்டும்" என்றேன். அது முடிந்ததும் அடுத்த நிறை. என் கொழுந்தன் பெண்டாட்டி, எனக்குப் பக்கத்து நிறையில் வெட்டுகிறவள், அடிக்கடி நிமிர்ந்து சூரியனைப் பார்த்தாள்.

"அக்கா, பொழுது சாயுதே?"

"சாயட்டும். அஞ்சு மணி வரைக்கும் டயம் இருக்கு."

"உங்க காடுன்னதும் கைய எடுக்க மனசு வரல, சொல்லுங்க."

எல்லாரும் சிரித்தார்கள். எனக்குச் சுருக்கென்றது, ஆனாலும் குனிந்து வெட்டினேன்.

அப்போதுதான் என் கொழுந்தன் சைக்கிளை வண்டிப்பாதையில் போட்டுவிட்டு வரப்பு மேலேயே கத்திக்கொண்டு வந்தான்.

"மதினி! ஏ மதினி! பூத்துல ஈ ஆடுது! ஆம்பளைக காலையிலேயே போட்டுட்டு டீக்கடைக்குப் போயிட்டாக. பொம்பளைன்னு ஒரு உசுரு இன்னும் வரல. பூத்து ஆபீசரு என்ன சொல்றாரு தெரியுமா? 'இதுக்குத்தான் பூத்து கேட்டு அலைஞ்சாகளா'ன்னு கேக்குறாரு!"

"மணி என்னடா?"

"நாலே கால் ஆச்சு!"

காட்டிலிருந்து பள்ளிக்கூடத்துக்கு அரை மணி நேர நடை. பாதி நிறையில் களைக்கொத்தை எறிந்தேன். "ஏ, எந்திரிங்கடி எல்லாரும்!" என்று கத்தியதில் கொக்குகள் பறந்தன. எங்கள் வழக்கப்படி நிறையைப் பாதியில் விட்டுவிட்டு யாரும் கரையேறக் கூடாது. ஒரு கிழவி அதைச் சொன்னாள். "என் காடு, என் களை, என் பாடு, நீ எந்திரி ஆத்தா" என்றேன்.

கையிலும் காலிலும் கரிசல் மண் அப்பிக்கொண்டு, சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு, நாற்பது பேரும் ஓடினோம். காலில் ஒட்டிய மண் கனம் கூடிக் கூடி வந்தது. கொழுந்தன் அந்தக் கிழவியை மட்டும் சைக்கிள் பின்னால் உட்கார வைத்து உருட்டிக்கொண்டு வந்தான். அவள், "ஏலே, இப்படி வண்டியில கூட்டிட்டுப் போறதுன்னா தெனம் ஓட்டுப் போடுவேன்டா" என்றாள். ஓடுகிற ஓட்டத்தில் சிரிப்பு வேறு, மூச்சு முட்டியது.

பள்ளிக்கூட வாசலில் போய் விழும்போது ஐந்து அடிக்கக் கொஞ்ச நேரம்தான் இருந்தது. ஆபீசர் டவுன் பள்ளிக்கூடத்து வாத்தியார். எங்களைப் பார்த்து எழுந்தே நின்றுவிட்டார். "அஞ்சு மணிக்கு வரிசையில நிக்கிறவங்க எல்லாருக்கும் ஓட்டு உண்டு. அதுக்கு மேல வந்தா கிடையாது" என்று சொல்லி, கடைசியில் நிற்பவளிடமிருந்து ஆரம்பித்து முன்னால் வரைக்கும் ஒரு துண்டுக் காகிதம் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார். ஒருத்தியாவது விட்டுப் போய்விடக் கூடாது என்று நான் எல்லாருக்கும் பின்னால் போய் நின்றேன். முதல் காகிதம் எனக்கு, எனக்கு முன்னால் கொழுந்தன் பெண்டாட்டிக்கு.

அப்பாடா என்று நினைத்தேன். முன்னால் நின்றவள் முந்தியை அவிழ்த்தாள். உள்ளே சீட்டு இல்லை. கூழ்தான் இருந்தது. நாள் முழுக்க வேர்வையும் மண் ஈரமும் பட்டு நம்பரெல்லாம் கரைந்து விட்டது. அடுத்தவளும் அவிழ்த்தாள், அதுவும் கூழ். முடிச்சை அவிழ்க்கிற சத்தம் வரிசை நெடுகக் கேட்டது. என் முந்தியிலும் அதே கதிதான்.

"பேரு?" என்றார் மேசைக்காரர். அவள் அம்மன் பெயரைச் சொன்னாள். "அந்தப் பேருல இருபது பேரு இருக்காங்க. புருசன் பேரு?"

முன்னால் நின்றவள் தலை குனிந்தது. தை மாசத்துக் குனிவு அதே மாதிரி வந்துவிட்டது.

உள்ளே ரெண்டு கட்சி ஏஜெண்டுகள் உட்கார்ந்திருந்தார்கள். ரெண்டு பேரும் எங்கள் ஊர்க்காரன்கள்தான், எல்லாரையும் தெரியும். ஒருத்தன், "இவ இன்னார் பெண்டாட்டி சார்" என்றான். உடனே மற்றவன், "அப்படியெல்லாம் இல்ல சார், நல்லா விசாரிங்க" என்றான். அவன் சொன்னால் இவன் மறுப்பான், அது அவர்கள் பிழைப்பு. ஆபீசர் எரிச்சலில் மேசையைத் தட்டினார். "ரெண்டு பேரும் வாயை மூடுங்க. அந்தம்மா சொல்லணும், இல்லாட்டி வரிசையில நிக்கிற வேற ஒரு பொம்பளை சொல்லணும்."

அது போதும் எனக்கு. வேறொருத்தி சொல்லலாம். அவள் புருசன் பெயர் அவளுக்குத்தான் ஆகாது, மாமியாருக்கு அவன் பெற்ற பிள்ளைதானே! பின்னாலிருந்து சத்தம் போட்டேன். "ஏ, வரிசையைப் பிரிங்கடி! மாமியா பின்னால நில்லு, மருமக முன்னால வா. தம்பி பெண்டாட்டி முன்னால, அண்ணன் பெண்டாட்டி பின்னால. பொறந்த ஊருலேயே கட்டிக்கிட்டவளுகளை நடுவுல நடுவுல போடு, அவளுக எல்லாத்தையும் சொல்லுவாளுக."

மாத்து வேலைக்கு ஆள் பிரிக்கிற மாதிரியே பிரித்தேன். யாருக்கு யார் என்ன முறை என்று எனக்குத் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் தெரியும். வரிசை நகர்ந்தது. ஒருத்தி நிற்க, அவளுக்குப் பின்னால் நிற்பவள் பெயரைச் சொன்னாள். சிலர் வட்டியும் முதலுமாகச் சொன்னார்கள். "எழுதிக்கோங்க சார், என் மகன் பேரு இன்னது, இவளுக்கு வாக்கப்பட்டுச் சீரழியுறான்." "சார், என் கொழுந்தன் பேரு இது, காது கேக்காது, அதனாலதான் இவளோட குடும்பம் நடத்துறாரு." மேசைக்காரர் எழுத முடியாமல் சிரித்தார். மை வைக்கிறவர்தான் பாவம், மண் அப்பிய விரலில் மை ஒட்டாமல் ஒரு வாளித் தண்ணீர் கொண்டுவரச் சொன்னார். ஒவ்வொருத்தியும் விரலைக் கழுவி, மை வாங்கி, சீட்டில் முத்திரை குத்தி, மடித்துப் பெட்டிக்குள் போட்டுவிட்டு வந்தாள். போட்டவளை போலீஸ்காரர் உடனே வெளியே அனுப்பிவிட்டார். பள்ளிக்கூடம் முழுக்க மல்லி வாசம்.

கடைசியில் ரெண்டே பேர். கொழுந்தன் பெண்டாட்டிக்கு நான் பெயர் சொன்னேன். அவள் மை வாங்கினாள். அப்புறம் திரும்பி என்னைப் பார்த்தாள். அப்போதுதான் ரெண்டு பேருக்கும் உறைத்தது. எனக்குப் பின்னால் ஆள் இல்லை. என் புருசன் அவளுக்கு மூத்தார், புருசனுக்கு அண்ணன், அவள் அந்தப் பெயரைச் சொல்ல முடியாது.

"அக்கா..." என்றாள் பரிதாபமாக.

"நீ போய் ஓட்டப் போடு" என்றேன்.

மேசைக்காரர் கேட்டார். "பேரு?" சொன்னேன், அதே அம்மன் பெயர். "புருசன் பேரு?"

ஏஜெண்டுகள் ரெண்டு பேரையும் பார்த்தேன். அந்த வாரத்தில் ரெண்டு பேரையும் நடுத்தெருவில் வைத்துத் திட்டியிருந்தேன். காலையிலிருந்து ஒரு விசயத்திலும் ஒத்துப்போகாதவன்கள் அதில் மட்டும் ஒத்துப்போனான்கள்.

"இந்தம்மா யாருன்னே தெரியலையே சார்."

"நம்ம ஊரு மாதிரியே இல்லையே சார்."

"நாசமாப் போவீகளா" என்றேன். ஆபீசருக்கும் சிரிப்புத்தான், ஆனால் பேனா அசையவில்லை. "சொன்னாத்தாம்மா ஓட்டு. இத்தனை பேரைக் கொண்டாந்துட்டு நீங்க போடாமப் போகப்போறீங்களா?"

வெளியே மொத்தப் பெண்களும் ரோட்டோரம் நின்று ஜன்னலைப் பார்த்தார்கள். தை மாசம் ஓடையைத் தாண்டி வந்த நடை ஞாபகத்துக்கு வந்தது. கண்ணை இறுக மூடிக்கொண்டேன். கல்யாணமாகிப் பதினாறு வருசம் சொல்லாத பெயரை, காட்டில் ஆள் கூப்பிடுகிற குரலில் சொன்னேன். எனக்கு வேறு குரல் கிடையாது.

வெளியே டீக்கடைப் பக்கமிருந்து என் வீட்டுக்காரர் குரல் வந்தது. "ஏன்? என்ன?"

கூப்பிட்டதாக நினைத்துவிட்டார் மனுசன். ரோட்டோரம் எழுந்த சிரிப்பு அடங்க ரொம்ப நேரமாயிற்று. ஏஜெண்டுகள் ரெண்டு பேரும் ஒருத்தன் மேல் ஒருத்தன் சாய்ந்து சிரித்தான்கள். போலீஸ்காரர் தொப்பியால் முகத்தை மூடிக்கொண்டார். ஆபீசர் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "ஆளே பதில் சொல்லிட்டாரு, மையை வைங்கய்யா" என்றார். முத்திரை குத்தி மடித்துப் பெட்டியில் போட்டேன். யாருக்குக் குத்தினேன் என்று கேட்காதீர்கள், அந்த ஆள் ஜெயித்த பிறகு எங்கள் ஊர்ப் பக்கம் எட்டிக்கூடப் பார்க்கவில்லை.

பெட்டிக்குச் சீல் வைக்கும்போது ஆபீசர் என்னைக் கூப்பிட்டார். "எழுதிட்டேம்மா. உங்க ஊருல எந்திரிச்சு நடக்க முடிஞ்ச பொம்பளை ஒருத்தி பாக்கியில்லை" என்றார். அவர் நோட்டில் மண் கைரேகைகள் இருந்தன.

மறுநாள் முறை வேறொருத்தி காடு, அங்கே போனோம். எங்கள் காட்டில் மண் இறுகிவிட்டது. அந்த வருசம் பாதிக் காட்டில் மல்லி, பாதிக் காட்டில் கோரை. என் வீட்டுக்காரர் சாப்பிட உட்காரும்போதெல்லாம், "என்னமோ கூப்பிட்டியே அன்னைக்கு, எதுக்கு?" என்று கேட்டுவிட்டு வேறு பக்கம் பார்ப்பார். ஒரு மாசம் கேட்டார்.

தொண்ணூறுகளில் அடுத்த எலெக்சன் வந்தபோது எங்கள் பள்ளிக்கூடச் சுவரில் பூத்து நம்பர் ஒட்டினார்கள். அதற்கப்புறம் யாரும் அதைக் கிழிக்கவில்லை. அந்தத் தடவை மழையும் இல்லை, களையும் இல்லை, கோடை. சீட்டு முறுக்கு மாதிரி காய்ந்து முந்தியில் பத்திரமாக இருந்தது. என் வீட்டுக்காரர் காலையிலேயே ஓட்டுப் போட்டுவிட்டுப் பள்ளிக்கூட வாசலுக்கு எதிரே வேப்பமரத்தடியில் உட்கார்ந்துகொண்டார்.

"வீட்டுக்குப் போகலையா?" என்றேன்.

"நீ கூப்பிட்டா ஆள் இருக்கணும்ல?" என்றார்.

உள்ளே மேசைக்காரர் சீட்டைக் கேட்டார். நான் முந்தியை அவிழ்க்கவில்லை. "சீட்டு இல்ல சார், புருசன் பேரு கேளுங்க" என்றேன்.