இடைவேளைக்குப் பிறகு கயிறு

வன்னியம்பட்டி மாரீஸ்வரி ஏழு சண்டைப் படங்களில் நடித்தாள். ஏழிலும் இடைவேளை வரைக்கும் புலி. அதற்குப் பிறகு தூணில் கட்டிய பொட்டலம்.

சிலம்பத்தில் மாவட்டப் பரிசு வாங்கியவள். சண்டை மாஸ்டர் ஒருவர் பார்த்துச் சென்னைக்கு அழைத்துப்போனார். படத்தில் கம்பைச் சுற்றி இருபது தடியன்களைச் சாய்ப்பாள். பிறகு எவனோ ஒருவன் பின்னால் வந்து மூக்கில் துணியை வைப்பான், மயங்கிவிடுவாள். கதாநாயகன் வந்து கட்டை அவிழ்த்ததும் நன்றியோடு அவன் தோளில் சாய வேண்டும். அந்தச் சாய்வுக்குத்தான் டேக் அதிகம். வீரப்பெண் கதை என்று இதற்குப் பெயர் வேறு, வெட்கங்கெட்டவர்கள்.

ராஜபாளையம் தியேட்டரில் படம் பார்த்துவிட்டு அவள் அம்மா வெள்ளைத்தாய் ஒவ்வொரு முறையும் அதையே கேட்பாள்: “ஏட்டி, அம்புட்டுப் பேரை அடிச்சவளுக்கு ஒத்தக் கயித்தை அவுக்கத் தெரியாதா?”

மாரீஸ்வரிக்குச் சுருக்கென்று தைக்கும். ஒரு படத்திலாவது கடைசிச் சண்டையைத் தானே முடிக்க வேண்டும். அதைத் தவிர அவளுக்கு வேறு ஆசை இல்லை.

எட்டாவது படத்தில் இயக்குநர் ராஜரத்தினம் அதற்குச் சத்தியமே செய்தார். படப்பிடிப்பும் ராஜபாளையத்தில், மூடிக் கிடந்த ஒரு பஞ்சுக் கிடங்கில். வேடிக்கை பார்க்க வந்த ஊர்ச்சனத்தையே காட்சியில் வரும் கூட்டமாக நிறுத்தினார்கள். வெள்ளைத்தாய் முன்வரிசையில் நின்றாள். கதாநாயகன் கௌதம்ராஜ் முகத்தைத் தூக்கிவைத்துக்கொண்டார்.

“வில்லனை அவங்களே அடிச்சிட்டா நான் எதுக்கு சார்?”

நியாயமான கேள்வி. எதற்கு என்று அங்கே ஒருவருக்கும் தெரியவில்லை. சத்தியம் காற்றோடு போனது, கயிறு வந்தது.

கட்டுகிற வேலையைக் கூட்டத்தில் நின்ற சந்தனத்திடம் தள்ளினார்கள். அவர் வன்னியம்பட்டியில் மாடு வைத்திருப்பவர். “வலிக்காமக் கட்டுதேன் தாயி” என்று, கன்றுக்குட்டிக்குப் போடுகிற முடிச்சையே கைப்பழக்கத்தில் போட்டுவிட்டார். நுனியை இழுத்தால் மொத்தமும் கழன்றுவிடும். அந்த நுனி மாரீஸ்வரியின் விரலில் பட்டது.

கேமரா ஓடியது. கௌதம்ராஜ் கறுப்புக் கண்ணாடியைச் சரிசெய்தபடி ஆடி அசைந்து வந்தார். மாரீஸ்வரி அம்மாவைப் பார்த்தாள்; நுனியை இழுத்தாள். கீழே கிடந்த கம்பை எடுத்து நாலு வீச்சு. வில்லன் நடிகர் பயத்தில் நிஜமாகவே விழுந்தார். ஊரே விசிலடித்தது.

“யாரும்மா உன்னை அவுக்கச் சொன்னது?” என்று குதித்தார் ராஜரத்தினம்.

“எங்கம்மா சார்.”

அன்றோடு அவளுடைய சினிமா முடிந்தது. வேறொரு பெண்ணை முதுகு மட்டும் தெரியக் கட்டிவைத்து மிச்சத்தை எடுத்துக்கொண்டார்கள். இவள் ஸ்ரீவில்லிபுத்தூரில் ஒரு ஜிம்மில் வேலைக்குச் சேர்ந்தாள். வருத்தம் இல்லாமல் இல்லை.

படம் வந்ததும் தாயும் மகளும் அதே தியேட்டருக்குப் போனார்கள். கிடங்கில் நின்ற ஊர்ச்சனமும் தங்கள் முகத்தைப் பார்க்க வந்திருந்தது. கடைசியில் கயிறு வந்ததும் வெள்ளைத்தாய்தான் முதலில் கத்தினாள்:

“ஏட்டி, நுனியை இழுடி!”

தியேட்டரே சேர்ந்துகொண்டது. “நுனியை இழு! நுனியை இழு!”

மாரீஸ்வரிக்குச் சிரித்துச் சிரித்துப் புரையேறியது. திரையில் கௌதம்ராஜ் இன்னும் முடிச்சோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார்.