நரிக்குக் கொடுத்த நடை

கேகாலை இறப்பர் தோட்டத்தில், காலையில் ஆட்கள் கூடும் பெரட்டில் வேலை பிரிக்கும் கணக்கப்பிள்ளை, என் அம்மாவைப்போல நொண்டி நடந்துகாட்டி எல்லாரையும் சிரிக்கவைப்பார். அம்மாவும் கூடச் சிரிப்பாள். நான் அவருடைய நடையையே பார்த்துக்கொண்டிருப்பேன்.

பிறகு கொழும்பில் கார்ட்டூன் சினிமாவுக்கு வரையும் வேலைக்குப் போனேன். அடுத்தவர் படங்களுக்கு வரைந்து வரைந்தே இயக்குனரான ஒரு ஜப்பான்காரரின் படங்களைப் பார்த்துத்தான் தொழில் கற்றேன். ஓர் ஆளின் குணத்தை நடையிலேயே காட்டிவிடுவார். நானும் இயக்குனரானேன். முதல் படத்தில் திருட்டு நரிக்குக் கணக்கப்பிள்ளையின் நடையைக் கொடுத்தேன்: தொந்தியை முன்னே தள்ளி, ஒற்றைக் கையை மட்டும் வீசி.

தோட்டத்துக் கோயில் முற்றத்தில் படம் போட்டோம். நரியைப் பார்த்துச் சனம் சிரித்தது. யாரென்று ஒருவருக்கும் பிடிபடவில்லை. கணக்கப்பிள்ளைக்குப் பிடிபட்டுவிட்டது. கோபமாக எழுந்து, திரைக்கு முன்னாலேயே நடந்து வெளியேறினார்.

அம்மாதான் முதலில் கத்தினாள்: "அடியே, அந்தா நரி போகுதுடி!"