மூத்தார் விழுங்காத மாத்திரை

ஞாயிற்றுக்கிழமை. அடுப்பில் கோழிக்குழம்பு கொதித்துக்கொண்டிருந்தது. டிவி பார்த்துக்கொண்டிருந்த என் வீட்டுக்காரர் கழுத்தை ஒரு பக்கமாகத் திருப்பினார். திருப்பியவர் நிறுத்தவே இல்லை. கண் மேலே சொருகியது. உட்கார்ந்த இடத்திலிருந்து சரிந்தார். பின்மண்டை கடப்பா கல்லில் மோதிய சத்தம் எனக்கு அடுப்படி வரை கேட்டது.

கையும் காலும் வெட்டி வெட்டி இழுத்தன. வாயோரம் நுரை, அப்புறம் ரத்தம். அவருடைய அண்ணன், என் மூத்தார், ஓடிவந்து தம்பியின் மார்பில் ஏறி உட்கார்ந்தார். "நாக்கக் கடிச்சிக்குவான், கரண்டியக் குடு" என்று கத்தினார். காம்பை வாயில் விட்டு நெம்பியதில் முன்பல் ஒன்று உடைந்து என் பாதத்தில் வந்து விழுந்தது. லைன் வீட்டு ஜனமெல்லாம் உள்ளே புகுந்தது. சாவிக்கொத்து, ஸ்பேனர், அரிவாள்மணை என்று அகப்பட்ட இரும்பையெல்லாம் அவர் உள்ளங்கையில் வைத்து அழுத்தினார்கள். இழுத்த இழுப்பில் அரிவாள்மணை உள்ளங்கையைக் கிழித்தது. அடங்கியபோது பார்த்தால், வலிப்பு செய்த காயத்தை விட நாங்கள் செய்த காயம்தான் அதிகம்.

நான் எட்டாவதோடு படிப்பை நிறுத்தியவள். பயப்படுவதற்குப் படிப்பு தேவையில்லை. கேஸை மூடினேனா என்று பாதி வழியில் திரும்பி வருகிற ஆள் நான். அன்றிலிருந்து வீட்டுக்காரர் கொட்டாவி விட்டால்கூட ஓடிப்போய்த் தலையைப் பிடித்துக்கொள்வேன்.

ஒசூருக்கு வெளியே ஒரு லைன் வீட்டில் இருந்தோம். எனக்குப் பேரிகைப் பக்கம் ரோஜாப் பண்ணையில் வேலை. விடிவதற்குள் வேன் வந்துவிடும். வீட்டுக்காரர் ஒரு பட்டறையில் பிரஸ் மிஷின் ஓட்டினார். மூத்தாருக்குக் கல்யாணம் ஆகவில்லை, எங்களோடுதான் இருந்தார். அவருக்கு எப்போதும் நைட் ஷிப்ட். நான் கிளம்புகிற நேரத்தில் அவர் வந்து இறங்குவார். அதனால் காலைச் சமையல் அவருடையது. கொத்தமல்லி, பச்சைமிளகாய் போட்டு அவர் அரைக்கிற சட்னிக்கு நானே அடிமை. இட்லி அவிப்பது, சட்னி அரைப்பது, தம்பிக்கு டப்பா கட்டுவது எல்லாம் அவர்தான். வந்ததும் நேரே பொதுக் கக்கூசுக்குப் போவார், வெளியே வந்ததும் மிக்ஸியைப் போடுவார். கக்கூசில் ஒரு டிரம்மில் தண்ணீர் இருக்கும். சோப்பு வைத்தால் யாராவது எடுத்துக்கொண்டு போய்விடுவார்கள் என்று ஒருத்தரும் வைப்பதில்லை.

அடுத்த வலிப்பு பட்டறையில் வந்தது. மிஷின் இறங்குவதற்குள் பக்கத்து ஆள் சட்டையைப் பிடித்து இழுத்ததால் கை தப்பித்தது. மறுநாளே வேலைக்கு வர வேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள். கிருஷ்ணகிரியில் பெரிய ஆஸ்பத்திரிக்குக் கூட்டிக்கொண்டு போனோம். ஸ்கேன் படத்தை டாக்டர் வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தார். மூளை முழுக்க வெள்ளைப் புள்ளி, கேழ்வரகு இறைத்த மாதிரி.

"புழுவோட முட்டை உள்ள போயி கூடு கட்டியிருக்கு. பன்றி நாடாப்புழு" என்றார் டாக்டர்.

"நான் பன்னிக்கறி தின்னதே இல்லீங்க சார்" என்றார் வீட்டுக்காரர்.

டாக்டர் என்னவோ விளக்க ஆரம்பித்தார். அதற்குள் வெளியே ஆக்ஸிடென்ட் கேஸ் ஒன்று வந்துவிட்டது. வீட்டில் இருக்கிற எல்லோரையும் கூட்டிக்கொண்டு அடுத்த வாரம் வாங்க என்று எழுந்து ஓடினார். நாங்கள் பன்றி என்ற ஒரு வார்த்தையோடு பஸ் ஏறினோம். மூத்தார் வழியெல்லாம் பல்லைக் கடித்துக்கொண்டு வந்தார். அத்திப்பள்ளி தாண்டிப் போய் லீவு நாளில் பன்றிக்கறி தின்றுவிட்டு வருகிற ஆள் அவர்தான். அது எனக்கும் தெரியும். ஆனால் வலிப்பு அவருக்கு வரவில்லையே. அதனால் அந்தக் கணக்கு என் மூளையிலும் ஓடவில்லை.

எங்கள் லைனுக்குப் பின்னால் சாக்கடை ஓரமாகத் தகரம் அடித்து ஒரு அக்கா பன்றி வளர்த்தாள். பஸ்ஸை விட்டு இறங்கின மூத்தார் வீட்டுக்குள் வரவில்லை. வாசலில் கிடந்த இரும்புப் பைப்பை எடுத்துக்கொண்டார். லைனில் இன்னும் ரெண்டு பேர் சேர்ந்துகொண்டார்கள். போய்த் தகரத்தைப் பிய்த்து எறிந்தார்கள். தாய்ப்பன்றியின் முதுகில் விழுந்த அடியில் அதற்குப் பின்னங்கால் வரவில்லை. முன்னங்காலால் சேற்றில் இழுத்துக்கொண்டே போய் அலறியது. குட்டிகளைக் காலைப் பிடித்துச் சுவரில் அடித்தார்கள். மனுஷக் குழந்தை கத்துகிற மாதிரியே இருந்தது.

"நா பந்துலு ஏமி சேசினாயிரா?" என்று தெலுங்கில் கத்திக்கொண்டே அந்த அக்கா குறுக்கே விழுந்தாள். அப்புறம் தமிழில், "என் பன்னி உங்கள இன்னாடா பண்ணுச்சி?"

"என் தம்பி மண்டையில புழு வுட்டுட்டு கேள்வியா கேக்குற?" என்று மூத்தார் பைப்பை ஓங்கினார். அவள் கையை மேலே தூக்கினாள். முழங்கைக்குக் கீழே மடக்கென்று ஒடிந்தது. நான் மூத்தாரின் சட்டையைப் பின்னாலிருந்து பிடித்து இழுத்தேன். நியாயம் தெரிந்து இழுத்தேன் என்று சொல்ல முடியாது. இவர் ஜெயிலுக்குப் போய்விட்டால் என்ன செய்வோம் என்ற பயம்தான். திரும்பாமலே முழங்கையால் ஒரு இடி இடித்தார். என் மூக்கு உடைந்தது.

அடுத்த வாரம் மூன்று பேரும் ஆஸ்பத்திரிக்குப் போனோம், நான் மூக்கில் பஞ்சோடு. நர்ஸம்மா என்ன ஏது என்று விசாரித்தார். சொன்னேன்.

"பன்னிய அடிச்சா புழு செத்துடுமா?" என்றார் அவர். "வேகாத பன்னிக்கறி தின்னவங்களுக்கு குடல்ல புழு வளரும். அவங்களுக்கு ஒண்ணும் தெரியாது, நல்லாத்தான் இருப்பாங்க. அவங்க வெளிய போறதுல முட்டை இருக்கும். கைய ஒழுங்கா கழுவாம சோத்துல கைய வெச்சா, அதைத் தின்னவங்களுக்கு முட்டை உள்ள போவும். மூளைக்கு ஏறும். இவருக்கு வந்தது பன்னிகிட்ட இருந்து இல்ல, மனுஷங்ககிட்ட இருந்து."

எங்கள் மூன்று பேரையும் ஒரு பார்வை பார்த்துவிட்டுக் கேட்டார்: "வூட்ல யாருக்காச்சும் வெள்ளையா, பட்டையா, நாடா துண்டு மாதிரி வெளிய வருதா?"

நான் இல்லை என்றேன். வீட்டுக்காரரும் இல்லை என்றார். மூத்தார் மேலே ஃபேனைப் பார்த்தார்.

"யாரு சமைக்கிறது?"

அதற்கும் ஃபேனையே பார்த்தார்.

வீட்டுக்காரருக்கு வேறு வைத்தியம் ஆரம்பித்தார்கள். எனக்கும் மூத்தாருக்கும் மாத்திரை கொடுத்து, மென்று விழுங்கச் சொன்னார்கள். வீட்டில் புழு உள்ள ஆளை விட்டுவிட்டால் இவரைக் குணமாக்கியும் பிரயோஜனம் இல்லை, திரும்பத் திரும்ப உள்ளே போகும் என்று டாக்டரும் அழுத்திச் சொன்னார். நான் அன்று சாயங்காலமே மென்று விழுங்கினேன். மூத்தார் தன் மாத்திரையைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு, "எனக்கு இன்னா நோவு? நாய்க்குப் போடு" என்றார்.

கெஞ்சினேன். "மாமா, ஒரு வேளை மாத்திரைதான மாமா."

"ஏன், என் கையில பீ ஒட்டிக்கினு கீதா? அப்பன் செத்ததுலேருந்து அவனுக்கு ஊட்டுன கைம்மா இது."

அவர் சொன்னது நிஜம். தம்பியைத் தூக்கி வளர்த்தது அவர்தான். அதனால்தான் எனக்கு இன்னும் பயம். வேன் வருவதற்கு முன்னால் எழுந்து நானே சமைத்து மூடி வைத்துவிட்டுப் போவேன். வேலையில் ரோஜாத் தண்டை வெட்டும்போது, இந்நேரம் மிக்ஸி ஓடுமோ என்று நினைப்பு வீட்டுக்கு ஓடும். வெட்டுக்கத்திரி விரலில் ஏறிய நாளும் உண்டு. சாயங்காலம் வந்து பார்த்தால் நான் வைத்தது அப்படியே கெட்டுப்போய்க் கிடக்கும். மிக்ஸி ஜார் கழுவிக் கவிழ்த்திருக்கும்.

வீட்டுக்காரரைக் கேட்டால், "அண்ணன் குடுத்தா எப்படிப் புள்ள வேணாங்கறது?" என்பார்.

ஒரு நாள் வேலைக்குப் போகவில்லை. மூத்தார் தட்டில் இட்லி வைத்து, மேலே பச்சையாகச் சட்னியை ஊற்றித் தம்பி முன்னால் தள்ளினார். நான் தட்டைத் தட்டிவிட்டேன். சட்னி சுவரில் தெறித்தது. அந்த வேகத்திலேயே அவர் கை என் கன்னத்தில் இறங்கியது. காதில் ஙொய் என்று ஒரு சத்தம், நான் கதவில் போய் மோதினேன்.

வீட்டுக்காரர் எழுந்தார். "ண்ணா, மாத்திரை போட்டியா?"

"நீயும் பொட்டச்சி பேச்சக் கேட்டுக்கினு ஆடுறியா?"

"போட்டியா இல்லியா?"

மூத்தார் அவரைத் தள்ளினார். அண்ணன் முன்னால் பீடி பிடிக்காத மனுஷன், அண்ணனின் கழுத்தைப் பிடித்தார். ரெண்டு பேரும் கதவைத் தாண்டி உருண்டார்கள். தண்ணித்தொட்டி விளிம்பில் மூத்தாரின் தலையை வைத்து மோதினார். மூத்தார் அவர் வயிற்றில் எட்டி உதைத்தார். பக்கத்து வீட்டுப் பெண் ஒருத்தி, "வுடுங்கடா, செத்துத் தொலையப் போறீங்க" என்று கத்தினாள்.

"ண்ணா, நான் உன் கையாலதான் சாவணுமா?" என்று வீட்டுக்காரர் கேட்டார். கேட்டுக்கொண்டிருக்கும்போதே கழுத்து ஒரு பக்கமாகத் திரும்ப ஆரம்பித்தது.

விழுந்தார். தலை தரையில் படுவதற்குள் என் மடியைக் கொடுத்தேன். நர்ஸம்மா சொல்லிக்கொடுத்த மாதிரி ஒருக்களித்துப் படுக்க வைத்தேன். இரும்பு தூக்கிக்கொண்டு வந்தவர்களை விளக்குமாறால் விரட்டினேன். மூத்தார் கிட்டே வந்தார். "தொடாதீங்க" என்றேன். குரல் என்னுடையதாக இல்லை.

தம்பியின் உடம்பு இழுத்து இழுத்து அடிப்பதை அவர் நின்று பார்த்தார். நெற்றியிலிருந்து ரத்தம் வழிந்து தாடியில் இறங்கியது. அப்படியே மண்ணில் உட்கார்ந்தார்.

"வருது" என்றார். யாரிடம் சொன்னார் என்று தெரியவில்லை. "வெள்ளையாத்தான் வருது. ரொம்ப நாளா வருதும்மா."

சட்டைப்பையிலிருந்து மாத்திரையை எடுத்தார். அட்டை வியர்வையில் நைந்திருந்தது. பிரித்து வாயில் போட்டு மென்றார். முகம் கோணியது. லைனே நின்று பார்த்தது. தண்ணீர் கேட்டார், பக்கத்து வீட்டுப் பெண் சொம்பை நீட்டினாள். என் மடியில் வீட்டுக்காரருக்கு இழுப்பு நின்று, பெரிதாக மூச்சு வர ஆரம்பித்திருந்தது. நான் அந்த மூச்சைக் கேட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.